240 தவணை: வீட்டுக் கடனின் மெய்விலை

வீட்டுக் கடன் பற்றிப் பேச்சு எழுந்தால் இரண்டு வாக்கியங்கள் தவறாமல் காதில் விழும். "வாடகையா கொடுக்கிற காசை இ.எம்.ஐ.யா கட்டினா வீடு நமக்கே ஆகுமே" என்பது ஒன்று. "நாப்பது லட்சம் வாங்கி எண்பத்து மூணு லட்சம் கட்டணும், ஒரு வீட்டுக்கு ரெண்டு வீட்டு விலை" என்பது இன்னொன்று. முதல் வாக்கியத்தை நம்பி, சம்பளத்தில் பாதியைத் தவணைக்குக் கொடுத்துவிட்டு மூச்சு முட்டுபவர்களைப் பார்த்திருக்கிறேன். இரண்டாவதை நம்பிக் கடனுக்கு அஞ்சி, ஓய்வுபெறும் வயதில் வாடகை வீடு தேடி அலைபவர்களையும் பார்த்திருக்கிறேன். இரண்டு வாக்கியங்களும் கணக்குப் போலத் தெரிகின்றன. இரண்டுமே பாதிக் கணக்குகள்தான். முழுக் கணக்கைப் போட்டுப் பார்த்துவிட்டுத் தீர்ப்புச் சொல்வது நல்லது.

ஒரே ஒரு கடனை எடுத்துக்கொள்வோம். 60 லட்சம் ரூபாய் வீடு, அதற்கு 40 லட்சம் கடன், வட்டி 8.5 சதவீதம், காலம் 20 ஆண்டு. மாதத் தவணை 34,713 ரூபாய் வரும். 240 மாதம் கட்டினால் மொத்தம் 83.31 லட்சம். அதில் வட்டி மட்டும் 43.31 லட்சம். ஆக, இரட்டை விலை என்று சொல்பவர் கூட்டலில் பிழை செய்யவில்லை.

அந்தத் தவணை உள்ளுக்குள் எப்படிப் பிரிகிறது என்பதைப் பார்த்தால் கலக்கம் இன்னும் கூடும். முதல் மாதம் கட்டும் 34,713 ரூபாயில் 28,333 வட்டிக்குப் போகிறது; அசலில் கழிவது 6,380 மட்டுமே. ஐந்து ஆண்டு முடிவில் ஏறத்தாழ 20.8 லட்சம் கட்டியிருப்போம். கடன் பாக்கியோ 35.25 லட்சம். பாதி வழியான பத்தாம் ஆண்டு முடிவில் 28 லட்சம் நிற்கும். கடன் பாதியாவதற்கு 13 ஆண்டும் 10 மாதமும் ஆகும். இதில் ஏமாற்று எதுவும் கிடையாது. குறையும் பாக்கிக்கு மட்டும் வட்டி போட்டு, தவணையை மட்டும் மாறாமல் வைத்தால் கணக்கு இப்படித்தான் விழும். ஆனால் இதன் விளைவு பெரியது: ஐந்தாறு ஆண்டுக்குள் ஊர் மாறியோ வேலை போயோ வீட்டை விற்க நேர்பவர், அசலை அடைத்த பலனைக் காணாமலேயே வெளியேறுகிறார்.

இவ்வளவும் சொன்ன பிறகும், 43 லட்சம் என்ற எண்ணை இந்தக் கடனின் விலையாக ஏற்க எனக்கு மனம் வரவில்லை. காரணம் எளியது. இன்றைய ஒரு ரூபாயையும் 2045ஆம் ஆண்டின் ஒரு ரூபாயையும் அது ஒரே தட்டில் கூட்டுகிறது. 20 ஆண்டுக்கு முன் 5,000 ரூபாய் வாடகை என்றால் நல்ல வீடு. இன்று அந்தத் தொகைக்கு என்ன கிடைக்கும் என்று எல்லோருக்கும் தெரியும். விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுவதாக வைத்துக்கொண்டால், கடைசித் தவணையாகக் கட்டும் 34,713 ரூபாயின் இன்றைய மதிப்பு 13,000 சொச்சம்தான். 240 தவணைகளையும் இப்படி இன்றைய மதிப்புக்கு மாற்றிக் கூட்டினால் 83 லட்சம் என்பது 52.6 லட்சமாகச் சுருங்கும். அதாவது இந்தக் கடனின் மெய்யான வட்டிச் சுமை இன்றைய பணத்தில் 12.6 லட்சம். பணவீக்கம் ரிசர்வ் வங்கி குறிவைக்கும் 4 சதவீதத்திலேயே நின்றால் சுமை சற்றுக் கூடும். 6 சதவீதம் போனால் இன்னும் குறையும். எப்படிப் பார்த்தாலும் அது 43 லட்சம் ஆகாது.

ஆகவே இரட்டை விலை என்ற பேச்சைத் தள்ளிவிடலாமா? அவசரப்படக் கூடாது. பணவீக்கம் கடனைக் கரைப்பதற்கு ஒரு நிபந்தனை உண்டு: விலைவாசியோடு சேர்ந்து கடன் வாங்கியவரின் வருமானமும் ஏற வேண்டும். அகவிலைப்படி பெறும் அரசு ஊழியருக்கு அது ஏறுகிறது. 15 ஆண்டுக்கு முன் அவர் சம்பளத்தில் பாதியை விழுங்கிய தவணை இன்று கால்வாசிக்கும் கீழே வந்திருக்கும். தனியார் நிறுவனத்தில் வேலை செய்பவருக்கு அந்த உறுதி கிடையாது. 45 வயதைத் தாண்டிய மென்பொருள் ஊழியரையும், துணிக்கடை மேலாளரையும், ஒப்பந்தத்தில் இருக்கும் பொறியாளரையும் கேட்டால் தெரியும். விலைவாசி ஏறும், சம்பளம் நிற்கும், சில நேரம் இறங்கும். அவருக்குக் கடைசித் தவணை 13,000 ரூபாயின் எடையில் இருக்காது. முழு எடையோடுதான் தோளில் உட்காரும். வட்டி விகிதம் இருவருக்கும் ஒன்றே. வருமானத்தின் தன்மைதான் அந்தக் கடனை ஒருவருக்கு மலிவாகவும் மற்றவருக்கு விலையுயர்ந்ததாகவும் ஆக்குகிறது. எந்த வங்கியின் தவணைக் கணிப்பானும் இதைக் கேட்பதில்லை.

அடுத்து ஆண்டுகள். அதே 40 லட்சத்தை அதே 8.5 சதவீதத்தில் 15 ஆண்டில் அடைத்தால் தவணை 39,390. மொத்த வட்டி 30.9 லட்சம். 30 ஆண்டுக்கு இழுத்தால் தவணை 30,757. மொத்த வட்டி 70.7 லட்சம். 20 ஆண்டிலிருந்து 30 ஆண்டுக்குப் போவதால் மாதம் மிச்சமாவது 3,956 ரூபாய். கூடுதலாகக் கட்டுவது 27 லட்சத்துக்கு மேல். இந்த ஒப்பீட்டைக் காட்டித்தான் நீண்ட காலக் கடனைப் பலரும் கண்டிக்கிறார்கள். நானும் கண்டிக்கிறேன். ஆனால் இந்தக் காரணத்தை மட்டும் வைத்துக் கண்டிக்க மாட்டேன். மேலே சொன்ன 5 சதவீதக் கழிவைப் போட்டால், 30 ஆண்டுக் கடன் இன்றைய பணத்தில் 57.3 லட்சம்; 20 ஆண்டுக் கடன் 52.6 லட்சம். வித்தியாசம் 4.7 லட்சம். பத்து ஆண்டு அவகாசத்துக்கு இது கொடுமையான விலை என்று சொல்ல முடியாது.

30 ஆண்டுக் கடனை நான் எதிர்ப்பதற்குக் காரணங்கள் வேறு இரண்டு. முதலாவது வயது. 35 வயதில் வாங்கினால் 65இல் முடியும். தமிழ்நாட்டு அரசு ஊழியருக்கு ஓய்வு வயது 60. தனியார் நிறுவனங்கள் பலவற்றில் 58. எஞ்சிய ஆண்டுகளுக்கு யார் கட்டுவது? பிள்ளை கட்டுவான் என்பது திட்டம் ஆகாது; அது அவன் தலையில் அவனைக் கேட்காமல் வைக்கும் சுமை.

இரண்டாவது காரணம் இன்னும் முக்கியமானது. நீண்ட கடன் வட்டி ஏற்றத்தைத் தாங்காது. இதை 2022, 2023 ஆண்டுகள் கண்முன் காட்டின. வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டியான ரெப்போ விகிதம் 2020 மே மாதம் முதல் 4 சதவீதத்தில் இருந்தது. 2022 மே மாதத்தில் ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதத்தைத் தொட்டது. ஒன்பது மாதத்தில் 2.5 புள்ளி. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் மாறும் வட்டியில் தரும் புதிய வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோலோடு, பெரும்பாலும் ரெப்போவோடு, கட்டப்பட்டிருக்கின்றன. மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டியைத் திருத்தியாக வேண்டும். எனவே ஏற்றம் அப்படியே கடன்காரர் கணக்கில் இறங்கியது.

அது என்ன செய்தது என்பதை எண்ணில் பார்க்கலாம். 6.75 சதவீதத்தில் 40 லட்சம், 20 ஆண்டு, தவணை 30,415. இரண்டு ஆண்டு ஒழுங்காகக் கட்டியாயிற்று, பாக்கி 37.97 லட்சம், 216 தவணை மிச்சம். இப்போது வட்டி 9.25 ஆகிறது. எளிமைக்காக ஒரே நாளில் ஏறியதாக வைத்துக்கொள்வோம். ஒரு மாத வட்டியே 29,270 ரூபாய். பழைய தவணையையே கட்டினால் அசலில் கழிவது 1,145 ரூபாய். அந்த வேகத்தில் கடன் தீர 427 மாதம் ஆகும். அதாவது முப்பத்தைந்தரை ஆண்டு. இரண்டு ஆண்டு கட்டிய பிறகு, 18 ஆண்டாக இருந்த மிச்சக் காலம் இரண்டு மடங்கைத் தொடுகிறது. காலத்தை நீட்டாமல் 18 ஆண்டிலேயே முடிக்க வேண்டுமென்றால் தவணை 36,154 ஆக வேண்டும்.

இவற்றில் எதைத் தேர்ந்தெடுப்பது என்பது கடன் வாங்கியவரின் உரிமையாக இருந்திருக்க வேண்டும். பலருக்கு அப்படி இருக்கவில்லை. தவணைத் தொகை மாறாமல் இருந்ததால் எதுவும் மாறவில்லை என்று நினைத்துக்கொண்டிருந்தார்கள். காலம் ஓசையில்லாமல் நீண்டுகொண்டிருந்தது. 2023 ஆகஸ்ட் 18இல் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது: வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்று கடன்காரரைக் கேட்க வேண்டும், ஒவ்வொரு காலாண்டிலும் கட்டிய அசல், வட்டி, மிச்சத் தவணைகள் ஆகியவற்றைக் காட்டும் அறிக்கை தர வேண்டும், காலத்தை நீட்டுவதால் கடன் வளர்ந்துகொண்டே போகும் நிலை வரக் கூடாது. இது நல்ல விதி. தாமதமாக வந்த விதியும்கூட. ஏற்றம் முழுவதும் நடந்து முடிந்த ஆறு மாதத்துக்குப் பிறகு வந்தது.

இன்னொரு விதி 2024 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அதன்பின் வழங்கும் எல்லாச் சில்லறைக் கடன்களுக்கும் முக்கிய விவரக் குறிப்பு, வங்கிகளில் கே.எஃப்.எஸ். என்பார்கள், தர வேண்டும். வட்டியோடு செயலாக்கக் கட்டணம், சட்ட ஆலோசனைக் கட்டணம், காப்பீடு எல்லாவற்றையும் சேர்த்து ஆண்டுக்கு எத்தனை சதவீதம் ஆகிறது என்ற ஒரே எண் அதில் இருக்கும். முழுத் தவணை அட்டவணையும் இருக்கும். கடன் என்ற பொருளுக்கு எம்.ஆர்.பி. போட்டது போல ஒரு தாள். அதை நான் வரவேற்கிறேன். ஆனால் அது முழு விலையைக் காட்டுகிறதா என்ற கேள்விக்கு இல்லை என்றுதான் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது.

மாறும் வட்டிக் கடன் என்றால், வட்டி 0.25 புள்ளி மாறினால் தவணையோ காலமோ எவ்வளவு மாறும் என்று அந்தத் தாள் காட்டும். மேலே சொன்ன 6.75 சதவீதக் கடனில், இரண்டு ஆண்டு கட்டிய பிறகு 0.25 ஏறினால் 8 மாதம் கூடும். இதைப் படிப்பவர் என்ன நினைப்பார்? 2.5 ஏறினால் பத்து மடங்கு, 80 மாதம் கூடும் என்று நினைப்பார். மெய்யாகக் கூடுவது 211 மாதம். வட்டி ஏற ஏற நீட்சி நேர்கோட்டில் போவதில்லை, எகிறுகிறது. 0.25 என்ற சிறு அடியை வைத்துக் காட்டும் எண் ஆபத்தைப் பாதிக்கும் கீழே குறைத்துக் காட்டுகிறது. 2 புள்ளி ஏறினால் என்ன ஆகும் என்ற இன்னொரு வரி அந்தத் தாளில் சேர வேண்டும். அதைச் சேர்க்க யாருக்கும் பெரிய செலவில்லை. சேர்க்காததால் கடன் வாங்குபவருக்கு இருக்கும் செலவு பெரிது.

வட்டி இறங்கும் காலத்திலும் இதே கவனம் வேண்டும். 2025இல் ரெப்போ 6.5இலிருந்து 5.25க்கு வந்தது. ரெப்போவோடு இணைந்த கடன்களில் அது தானாக இறங்கியது. வங்கி தன் நிதிச் செலவை வைத்து வட்டி போடும் பழைய எம்.சி.எல்.ஆர். முறையிலேயே கிடக்கும் கடன்களில் மெதுவாக இறங்கும். வீட்டு வசதிக் கடன் நிறுவனங்களுக்கு வெளி அளவுகோல் விதி பொருந்தாது; அவை தம் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்து நடத்துகின்றன. அங்கே புதிதாக வருபவருக்கு ஒரு விகிதமும் பத்து ஆண்டாகக் கட்டுபவருக்கு வேறு விகிதமும் ஓடுவது சாதாரணம். சிறு கட்டணம் கட்டிப் புதிய விகிதத்துக்கு மாறக் கேட்டால் மாற்றித் தருவார்கள். கேட்காதவருக்குத் தருவதில்லை. அரைப் புள்ளி கூடுதல் வட்டியைப் பத்தாண்டு கட்டியவர், அறியாமைக்குக் கட்டிய அபராதம் அது.

வட்டிக்கு வெளியே உள்ள செலவுகளைப் பெரும்பாலோர் கடனோடு சேர்த்து எண்ணுவதில்லை. தமிழ்நாட்டில் பழைய வீடோ மனையோ வாங்கினால் முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். முதல் விற்பனையாக வரும் அடுக்குமாடி வீட்டுக்கு இது சற்றுக் குறையலாம். 60 லட்சம் வீட்டுக்கு 9 சதவீதம் என்றால் 5.4 லட்சம். இந்தத் தொகையை வங்கிகள் பொதுவாக வீட்டு மதிப்பில் சேர்க்காது, கடனும் தராது. ஆக, கையிலிருந்து போட வேண்டியது 20 லட்சம் இல்லை, 25.4 லட்சம். இதற்குமேல் அடமானப் பத்திரப் பதிவு, வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம், மின் இணைப்புப் பெயர் மாற்றம், அலமாரி, கிரில்.

இந்தக் கைக்காசு எங்கிருந்து வருகிறது என்பதுதான் கடனின் மெய்விலையில் மிகக் குறைவாகப் பேசப்படும் பகுதி. நகை அடகுக்குப் போகிறது. பி.எஃப். பணம் வெளியே வருகிறது. பி.எஃப்.க்கு 2024-25 ஆண்டில் வட்டி 8.25 சதவீதம். அந்த விகிதம் நீடித்தால் இன்று எடுக்கும் 5 லட்சம் 20 ஆண்டில் 24 லட்சமாக நின்றிருக்கும். எந்தத் தவணை அட்டவணையிலும் இந்த வரி இல்லை. சிலர் முன்பணத்துக்கே தனிநபர் கடன் வாங்கிவிடுகிறார்கள். அப்படி வாங்கியவருக்கு முதல் மூன்று ஆண்டு இரண்டு தவணை ஓடும். அந்த மூன்று ஆண்டில்தான் வீட்டில் ஒரு மருத்துவச் செலவு வந்தால் குடும்பம் முறிகிறது. வீட்டுக்கு முன்பணம் சேராதவருக்கு அந்த வீட்டுக்கான காலம் இன்னும் வரவில்லை என்பதே என் கருத்து.

கடனோடு சேர்த்துத் தரும் காப்பீடு தனியே பார்க்கத்தக்கது. ஒரே தவணைப் பிரீமியமாக 1 லட்சம் என்று சொல்லி அதைக் கடன் தொகையிலேயே சேர்த்துவிடுவார்கள். "மாசம் எண்ணூறு ரூபாதான் சார் கூடும்" என்பார் அதிகாரி. 868 ரூபாய், 240 மாதத்தில் 2.08 லட்சம். கடன் வாங்குபவருக்கு உயிர்க் காப்பீடு கட்டாயம் தேவைதான். சம்பாதிப்பவர் போனால் வீடு குடும்பத்தின் கையில் நிற்க வேண்டும். அதைத் தனியாக, டேர்ம் பாலிசியாக, ஆண்டுப் பிரீமியத்தில் எடுக்கலாம். வங்கி மேசையில் தரும் பாலிசியைத்தான் எடுத்தாக வேண்டும் என்று இல்லை.

வரிச் சலுகையைப் பற்றி நீளமாகச் சொல்ல ஒன்றும் இல்லை. பழைய வரி முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை வட்டியைக் கழிக்கலாம். நம் கடனில் முதல் ஆண்டு வட்டி 3.37 லட்சம், மீதி 1.37 லட்சத்துக்குப் பயன் இல்லை. 20 சதவீத வரி கட்டுபவருக்கு மிச்சமாவது 41,600 ரூபாய். புதிய வரி முறையில் இருப்பவருக்குக் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு ஒன்றுமே கிடையாது. இன்று இயல்பாகப் பொருந்துவது அந்த முறைதான். வரி மிச்சம் என்று சொல்லிப் பெரிய கடனை விற்பவரின் வாதம் முன்பும் பலவீனமானது. இப்போது அதற்கு உயிரே இல்லை.

இனி வாடகை. இந்த 60 லட்சம் வீட்டை 15,000 ரூபாய் வாடகைக்கு எடுக்க முடியும் என்று வைத்துக்கொள்வோம். சென்னைப் புறநகரில் இது வழக்கமான விகிதம்தான். முதல் ஆண்டில் சொந்த வீட்டின் செலவு: வட்டி 3.37 லட்சம், கைக்காசு 25.4 லட்சம் வைப்புநிதியில் 7 சதவீதத்துக்குக் கிடந்தால் வந்திருக்கும் 1.78 லட்சம், சொத்து வரி, பராமரிப்பு என்று 40,000. கூட்டினால் 5.55 லட்சம். மிச்சமாகும் வாடகை 1.8 லட்சம். இடைவெளி 3.75 லட்சம். வீட்டு விலை அந்த ஆண்டில் 6 சதவீதத்துக்கு மேல் ஏறினால்தான் வாங்கியவருக்கும் வாடகைக்கு இருப்பவருக்கும் கணக்கு சமம். மனை ஏறும், கட்டடம் தேயும். அடுக்குமாடியில் யூ.டி.எஸ். என்று சொல்லும் மனைப் பங்கு 300 சதுர அடி என்றால் ஏறுவது அந்த 300 சதுர அடிதான். மேலே நிற்கும் 900 சதுர அடி கட்டடம் ஆண்டுதோறும் பழசாகிறது. "வாடகைக் காசை இ.எம்.ஐ.யாகக் கட்டினால் போதும்" என்ற வாக்கியம் இங்கே தோற்றுப்போகிறது: 15,000க்கும் 34,713க்கும் இடையே வாடகைக் காசைவிடப் பெரிய தொகை நிற்கிறது.

ஆனால் கணக்கை முதல் ஆண்டோடு நிறுத்துவது நியாயமாகாது. வாடகை ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால் 19ஆம் ஆண்டில் அது தவணையைத் தாண்டிவிடும். 20 ஆண்டு முடிவில் வாடகை ஏறத்தாழ 39,800. சொந்த வீட்டுக்காரருக்குத் தவணை அன்று பூஜ்யம். 60 வயதுக்குமேல் வரும் 20, 25 ஆண்டுகளில் வீட்டு வாடகை இல்லாமல் இருப்பது எத்தனை பெரிய ஓய்வூதியம் என்பதை ஓய்வூதியம் இல்லாத முதியவரைக் கேட்டால் சொல்வார். பதினோரு மாத ஒப்பந்தம், பையன் கல்யாணமாகி வருகிறான் என்று காலி செய்யச் சொல்லுதல், சாதியையும் உணவையும் விசாரித்துவிட்டு மறுத்தல் ஆகிய எதற்கும் சொந்த வீட்டில் இடமில்லை. இதற்கு ரூபாயில் விலை போட முடியாது. விலை போட முடியாததால் மதிப்பில்லை என்றும் சொல்ல முடியாது. இந்தப் பலன் யாருக்குக் கிடைக்கிறது? கடனை முடித்தவருக்கு. 65இல் தவணை கட்டிக்கொண்டிருப்பவருக்குக் கிடைப்பதில்லை.

முன்கூட்டி அடைப்பது பற்றியும் ஒரு மிகை பரவியிருக்கிறது. முதல் ஆண்டு முடிவில் 2 லட்சம் கூடுதலாகக் கட்டி, தவணையை மாற்றாமல் வைத்தால் 26 தவணை குறையும். வட்டியில் 7 லட்சத்துக்கு மேல் மிச்சம் என்று கணிப்பான் காட்டும். இரண்டு போட்டு ஏழு எடுத்தோம் என்று மகிழ வேண்டாம். அந்த ஏழு 18, 19 ஆண்டு கழித்து வருகிறது. மெய்யாகக் கிடைப்பது 8.5 சதவீத வருமானம், உறுதியானது, வரியில்லாதது. வைப்புநிதியின் 7 சதவீதம் வரி போக 5.5 சதவீதம் அளவில் நிற்கும்போது கடனை அடைப்பதே மேல். பி.எஃப்.ஐ உடைத்து அடைப்பதில் ஏறத்தாழ லாபமே இல்லை. ஆறு மாதச் செலவுக்குக் கையிருப்பு இல்லாமல் அடைப்பதோ தவறு. கூடுதலாகக் கட்டிய பணத்தைச் சாதாரண வீட்டுக் கடனில் வங்கி திருப்பித் தராது. 90 நாள் தவணை நின்றால் கணக்கு வாராக் கடனாகும். அதன்பின், அடமானச் சொத்தைக் கைப்பற்ற வழிசெய்யும் 2002ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 60 நாள் அறிவிப்பு வரும். முன்பு இரண்டு லட்சம் கூடக் கட்டினேன் என்ற வாதம் அன்று எடுபடாது.

சிறப்பான வழி, சம்பளம் ஏறும்போது தவணையையும் ஏற்றுவது. ஆண்டுக்கு 5 சதவீதம் கூட்டிக் கட்டினால் 20 ஆண்டுக் கடன் 12 ஆண்டு சில மாதங்களில் முடிந்துவிடும். மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைக்கத் தனிநபரிடம் வங்கி அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012இலேயே சொல்லிவிட்டது. சம்பளம் ஏறும் வயதில், அதாவது 30 முதல் 45 வரை, கடனின் முதுகை முறித்துவிட்டால், சம்பளம் நிற்கும் வயதில் அது நம் முதுகை முறிக்காது.

என் தீர்ப்பு இது. வீட்டுக் கடனின் வட்டி கொள்ளை என்பது தவறு. நம் நாட்டில் ஒரு சாதாரணக் குடும்பத்துக்குக் கிடைக்கும் மிக மலிவான பெரிய கடன் இதுதான். அது இலவச வீடு என்பதும் தவறு. அதன் மெய்விலை மூன்று இடங்களில் ஒளிந்திருக்கிறது: ஓய்வு வயதைத் தாண்டி நீளும் காலத்தில், முன்பணத்துக்காக உடைத்த சேமிப்பில், கவனிக்காமல் விட்ட வட்டி மாற்றத்தில். சம்பளம் உறுதியாக ஏறும் என்ற நிலையில் இருப்பவர் 20 ஆண்டுக் கடனைத் தயங்காமல் வாங்கலாம். அந்த உறுதி இல்லாதவர் 55 வயதுக்குள் முடியும் கடனை மட்டுமே வாங்க வேண்டும்; வட்டி 2 புள்ளி ஏறினாலும் தாங்கும் தவணையை மட்டுமே ஏற்க வேண்டும். அதற்குள் அடங்காத வீடு என்றால் சிறிய வீட்டைப் பார்க்கட்டும், அல்லது இன்னும் மூன்று ஆண்டு வாடகையில் இருந்து முன்பணம் சேர்க்கட்டும். பத்து ஆண்டு அதே ஊரில் இருப்போம் என்று சொல்ல முடியாதவர் இப்போதைக்கு வாங்கவே வேண்டாம்.

கையெழுத்துப் போடப் போகிறவர்களிடம் ஒரு வேண்டுகோள். முக்கிய விவரக் குறிப்பைக் கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் தர வேண்டும், விளக்கிச் சொல்ல வேண்டும் என்பது விதி. குறைந்தது மூன்று வேலை நாட்களுக்கு அதன் நிபந்தனைகள் மாறக் கூடாது என்பதும் விதி. அந்தத் தாளைத் தமிழில் கேளுங்கள். வீட்டுக்கு எடுத்துப் போங்கள். 240 வரி அட்டவணையில் உங்களுக்கு 50 வயதாகும் வரியைத் தேடி, அதற்கு நேரே நிற்கும் பாக்கித் தொகையை வீட்டில் எல்லோருக்கும் வாசித்துக் காட்டுங்கள். மூன்றாம் நாள் கையெழுத்துப் போடுவதா வேண்டாமா என்று முடிவு செய்யுங்கள்.